மூன்று நாட்டு அளவு

சென்ற மாதம் மதுரையில் ஒரு துணிக்கடைக்குப் போயிருந்தேன். எனக்கு உள்பாடி வாங்க வேண்டியிருந்தது. இந்த வயதிலும் அது தேவைப்படுகிறது, சிரிக்கிறவர்கள் சிரித்துக்கொள்ளலாம். கண்ணாடி மேசைக்குப் பின்னால் நின்ற பெண்ணுக்கு இருபது வயது இருந்தால் அதிகம். "என்ன சைஸ் ஆன்ட்டி? இந்தியன் சைஸ் சொல்றீங்களா, யூரோ சைஸா?" என்று கேட்டாள். கத்தரிக்காய் வேண்டுமா, முருங்கைக்காய் வேண்டுமா என்று கேட்கிற அதே குரல். பக்கத்தில் மனைவிக்காகக் காத்துக்கொண்டு நின்ற இளைஞன் கூட போனிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

முப்பத்தெட்டு என்றேன். ஒரு பெட்டியை எடுத்து வைத்தாள். நான் பெட்டியைத் திருப்பி, பின்பக்கத்தில் அச்சடித்திருந்த கட்டத்தைப் பார்த்தேன். மேலே நாடுகளின் பெயர்கள், கீழே எண்கள். பிரான்சு என்ற தலைப்பில் விரலை வைத்து ஒவ்வொரு எண்ணாக இறங்கி வந்தேன். "உங்க சைஸ் சரியாத்தான் இருக்கு ஆன்ட்டி" என்றாள் அந்தப் பெண், கொஞ்சம் பொறுமை இழந்து. என் சைஸை யார் பார்த்தார்கள்? தலைப்பும் எண்ணும் பொருந்துகின்றனவா என்றுதான் பார்த்தேன். அதை அவளிடம் சொன்னால் கிழவிக்குக் கிறுக்கு என்று நினைப்பாள். பில் போடச் சொல்லிவிட்டு வந்தேன்.

பஸ்ஸில் உட்கார்ந்து பெட்டியைத் திறந்து முகர்ந்தேன். மை வாசனை லேசாக வந்தது, அவ்வளவுதான். நான் அறிந்த அட்டைப்பெட்டிக்கு மூன்று வாசனைகள் உண்டு. மை ஒன்று, ரோலர் துடைக்கிற மண்ணெண்ணெய் ஒன்று, பூச்சி அரிக்காமல் இருக்க மயில்துத்தம் போட்டுக் காய்ச்சிய மைதாப் பசை ஒன்று. அந்தப் பசை வாசனை தொண்டையிலேயே போய் உட்கார்ந்துகொள்ளும், வீட்டுக்கு வந்து சோறு தின்றாலும் போகாது. சிவகாசி அச்சகங்களின் வாசனை அது. அதை நினைத்து உருகுகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு வயிறு எரிகிறது. உங்களிடம் சொல்வதற்கென்ன, ஐம்பது வருஷத்துக்கு மேலாகியும் எரிச்சல் தணியவில்லை.

எங்கள் ஊர் ஆமத்தூர். அய்யாவுக்குக் கரிசல் காடு இருந்தது, பருத்தியும் மிளகாயும் போடுவார். வீட்டில் சோற்றுக்குக் குறைவில்லை. நான் வேலைக்குப் போவதற்கு அதுதான் பெரிய தடங்கல். பசி பட்டினி என்றால் தீப்பெட்டி ஆபீசுக்கோ பட்டாசுக்கோ எந்தக் கேள்வியும் இல்லாமல் பெண்களை அனுப்புகிற ஊர்தான் எங்களுடையது. வசதியான வீட்டுப் பெண் போனால்தான் குற்றம். நான் எஸ்.எஸ்.எல்.சி. முடித்து, விருதுநகரில் டைப்ரைட்டிங் ஹையர் பாஸ் பண்ணி, வீட்டில் உட்கார்ந்து மிளகாய் வற்றலுக்குக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தேன். சிவகாசியில் ஓர் அச்சகத்தில் டைப்பிஸ்ட் வேலை என்று தெரிந்தபோது அய்யாவிடம் கேட்டேன். "சோத்துக்கு இல்லாமலா பொட்டப்புள்ளய அனுப்புறான்னு ஊரு கேக்கும்லா" என்றார். நான் சாப்பிடாமல் கிடந்தேன். அம்மா அழுதாள். கடைசியில் அய்யா இறங்கி வந்தார். "போ. ஆனா ஒன்னையப் பத்தி ஒரு பேச்சு இங்கன வந்துச்சு, அன்னைக்கே நின்னுரணும்" என்றார். சரி என்று தலையாட்டினேன். பேச்சு வராமல் பார்த்துக்கொள்வது என் கையில்தான் இருக்கிறது என்று நம்பினேன், அவ்வளவு விவரம் எனக்கு.

அந்த வேலை எனக்கு எவ்வளவு பிடித்திருந்தது என்பதைச் சொல்லாவிட்டால் மற்றது எதுவும் விளங்காது. எனக்கென்று ஒரு மேசை, எனக்கென்று ஒரு டைப்ரைட்டர். முதலாளி தமிழில் சொல்லச் சொல்ல நான் அதை இங்கிலீஷாக்கி அடித்துவிடுவேன். கல்கத்தாவுக்கும் கொழும்புக்கும் என் கடிதங்கள் போயின. நான் ஆமத்தூரைத் தாண்டி விருதுநகர், சிவகாசி தவிர ஒன்றும் பார்த்ததில்லை, என் கடிதத்துக்குக் கொழும்பிலிருந்து பதில் வந்தது. பதிலில் 'டியர் சார்' என்று எழுதியிருப்பார்கள். அந்த சார் நான்தான் என்று எண்ணி எனக்குள்ளேயே சிரித்துக்கொள்வேன்.

அச்சகத்தில் பெரும்பாலும் பட்டாசு லேபிள், தீப்பெட்டி லேபிள், சாமி காலண்டர். முதலாளி மாடியில் இருப்பார். கீழே எல்லாம் மேனேஜர் சங்கரலிங்கம் ராஜ்யம். சலவை வேட்டி, பையில் இரண்டு பேனா, வாயில் எப்போதும் வாசனைப் பாக்கு. சின்னவர் பெரியவர் எல்லாரும் அவரை அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவார்கள், நானும் அப்படித்தான் கூப்பிட்டேன். அண்ணன் முறை சொல்லிக் கூப்பிட்டால் ஒரு பத்திரம் என்று பெண்களுக்கு ஒரு நம்பிக்கை. எவ்வளவு பெரிய ஏமாளித்தனம் என்று இப்போது தோன்றுகிறது.

எங்கள் அச்சகத்தில் ஒரு வழக்கம் இருந்தது. எழுத்துக் கோத்து முதல் படி எடுத்ததும், ஒருவர் மூலத்தைக் கையில் வைத்துக்கொண்டு சத்தமாக வாசிக்க வேண்டும். இன்னொருவர் அந்த அச்சுப்படியை வரிவரியாகக் கண்ணால் தொடர்ந்து, சரியாக இருந்தால் கீழே கையெழுத்துப் போட வேண்டும். அதற்குப் பிறகுதான் மெஷினில் ஏறும். வாசிப்பது டைப்பிஸ்டின் வேலை. கையெழுத்துப் போடுவது மேனேஜர். சரவெடி டஜன் விலையையும், 'குழந்தைகள் கையில் கொடுக்கக் கூடாது' என்பதையும் நான் அதுவரை எத்தனையோ முறை வாசித்திருக்கிறேன். அப்போதெல்லாம் அண்ணாச்சி மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தாளில் மூழ்கித்தான் இருப்பார்.

அந்தச் சமயத்தில்தான் மெட்ராஸிலிருந்து ஒரு ரெடிமேட் கம்பெனியின் ஆர்டர் வந்தது. உள்பாடி வைத்து விற்பதற்கு அட்டைப்பெட்டி. பெட்டியின் பின்பக்கம் ஓர் அளவுக் கட்டம் போட வேண்டும். கொழும்புக்கும் பினாங்குக்கும் அனுப்ப இங்கிலீஷ்காரன் அளவு, பாண்டிச்சேரிக்கும் சைகோனுக்கும் அனுப்பப் பிரெஞ்சுக்காரன் அளவு. மூன்றாவதாக ஜெர்மன் அளவு, அது எதற்கு என்று யாருக்கும் தெரியாது. மூன்று நாட்டு அளவு என்று போட்டால் கம்பெனிக்கு ஒரு கெத்து என்று நினைத்திருப்பார்கள்.

எங்கள் பக்கத்தில் பெண்களின் உடம்புக்கு எண்ணே கிடையாது. இதை இந்தக் காலத்துப் பெண்களுக்குச் சொன்னால் நம்பமாட்டார்கள். தையல்காரனிடம் யாரும் அளவு கொடுப்பதில்லை. பழைய ரவிக்கை ஒன்றைப் பேப்பரில் சுற்றி அனுப்புவோம், அதற்குப் பெயர் அளவு ரவிக்கை. அதை வைத்துப் புதியதைத் தைத்து அனுப்புவான். உடம்பு பெருத்திருந்தால் "இதைவிட ரெண்டு விரக்கட கூட" என்று சொல்லி அனுப்புவோம். அதையும் அண்ணனோ தம்பியோ போய்ச் சொல்வான். உள்ளே போடுவதை அம்மாவே லாங்க்ளாத் துணியில் தைத்துக் கொக்கி வைத்துவிடுவாள். முப்பத்திரண்டு, முப்பத்துநாலு என்று ஒரு பெண்ணுக்கு நம்பர் இருக்கும் என்பதையே நான் அந்த ஆர்டரை டைப் அடித்தபோதுதான் அறிந்தேன்.

கணக்கும் லேசில் பிடிபடவில்லை. கஜமும் அங்குலமும் போய் மீட்டரும் சென்டிமீட்டரும் வந்து, கடைக்காரர்கள் சர்க்காரைத் திட்டிக்கொண்டிருந்த காலம். அங்குலத்தை இரண்டரையால் பெருக்கினால் சென்டிமீட்டர் என்று அண்ணாச்சி அடித்துச் சொன்னார். அப்படிப் பார்த்தால் முப்பத்துநாலுக்கு எண்பத்தைந்து. ஆனால் கம்பெனி அனுப்பியதில் முப்பத்துநாலுக்கு நேராகப் பிரான்சில் தொண்ணூறு, ஜெர்மனியில் எழுபத்தைந்து என்று இருந்தது. "மெட்ராஸ்காரனுக்குப் பெருக்கத் தெரியல" என்று சிரித்தார். விளக்கம் கேட்டு நான் கடிதம் அடித்தேன். ஜெர்மன்காரன் மார்புக்குக் கீழே நாடாவைச் சுற்றி அந்த எண்ணையே வைத்துக்கொள்கிறான், பிரெஞ்சுக்காரன் அதோடு பதினைந்தைக் கூட்டிக்கொள்கிறான், இங்கிலீஷ்காரன் அங்குலத்தில் அளந்து தன் இஷ்டத்துக்குச் சில அங்குலம் சேர்க்கிறான், நீங்கள் பெருக்க வேண்டாம், அனுப்பியதை அப்படியே போடுங்கள் என்று பதில் வந்தது. கூடவே, அளவெடுக்கும் முறையைத் தமிழில் நாலு வரி எழுதிப் போடும்படியும் கேட்டிருந்தார்கள். "நீதானே பொம்பளப்புள்ள, நீயே எழுது" என்றார் அண்ணாச்சி. எழுதினேன். மார்பு என்ற சொல்லை எழுதாமல் அதை எழுத முடியாது.

படி வந்த அன்று அவர் நாற்காலியைப் பெட்டி ஒட்டும் கூடத்தின் வாசலுக்கு இழுத்துப் போட்டுக்கொண்டார். ஒரு பக்கம் மெஷின் ஆட்கள், ஒரு பக்கம் பசை ஒட்டுகிற பெண்கள், நடுவில் நான். "வாசிம்மா" என்றார். வாசித்தேன். "மெஷின் சத்தத்துல ஒண்ணும் கேக்கல. சத்தமா." சத்தமாக வாசித்தேன். "மார்புக்குக் கீழே... என்னது? அதத் திருப்பி வாசி." திருப்பி வாசித்தேன். அச்சுப்படி அவர் மடியில் கிடந்தது. மூக்குக்கண்ணாடி சட்டைப் பையில் இருந்தது. கண் என்மேல் இருந்தது, எங்கே என்று நான் சொல்ல வேண்டியதில்லை. மெஷின்காரர் ஒருவர் மெஷினை நிறுத்திவிட்டு எண்ணெய் போடுகிறவர் மாதிரி நின்றார். பாக்கை மென்றுகொண்டே, "எண்பத்தஞ்சு எதுக்கு நேரா வருது? இன்னொரு தடவ சொல்லு" என்றார் அண்ணாச்சி. எனக்குக் காது மடலெல்லாம் சுட்டது. தாளை அவர் முகத்தில் எறிந்துவிட்டுப் போகலாம். போனால் வேலை போகும். "பிரான்சு, எண்பத்தஞ்சு, தொண்ணூறு, தொண்ணூத்தஞ்சு, நூறு. ஜெர்மனி, எழுபது, எழுபத்தஞ்சு, எம்பது, எண்பத்தஞ்சு" என்று பள்ளிக்கூடத்து வாய்ப்பாடு போல ஒப்பித்தேன். திருத்தம் இருக்கிறது என்று மறுநாளும் வாசிக்கச் சொன்னார். அதற்கு அடுத்த நாளும் சொன்னார். பிறகு கையெழுத்துப் போட்டார்.

இதில் சிரிக்கிற மாதிரியும் ஒன்று நடந்தது. திரும்பத் திரும்ப வாசித்ததில் பசை ஒட்டுகிற பெண்களுக்குக் கட்டம் முழுக்க மனப்பாடமாகிவிட்டது. அவர்களில் மூத்தவள் மாரிக்கனி, வெம்பக்கோட்டைக்காரி, சிவகாசியில் வாக்கப்பட்டவள். சாப்பாட்டு நேரத்தில் கூடத்துக் கதவைச் சாத்திவிட்டு, பார்சல் கட்டுகிற சணலை எடுத்து ஒருத்தியை ஒருத்தி அளந்து, அதை அடிக்கோலில் வைத்துப் பார்த்தார்கள். "ஏ புள்ள, எனக்குப் பிரான்சுல என்ன நம்பரு?" என்று மாரிக்கனி என்னைக் கேட்டாள். தொண்ணூற்றைந்து என்றேன். "ஜெர்மனியில?" எண்பது என்றேன். "ஆத்தாடி, அங்கன போனா எளச்சிருவேன் போலருக்கே" என்றாள். எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம். அந்தச் சிரிப்பில் எனக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது. இவ்வளவு பேர் கூட இருக்கிறார்கள் என்று நினைத்தேன்.

பெட்டிகள் லாரியில் மெட்ராஸ் போயின. சில மாதம் கழித்துக் கம்பெனிக்காரர் காரில் வந்து இறங்கினார். கையில் எங்கள் பெட்டி. கட்டத்தில் பிரான்சு, ஜெர்மனி என்ற இரண்டு தலைப்பும் இடம் மாறியிருந்தன. எழுத்துக் கோத்தவர் செய்த பிசகு. பாண்டிச்சேரியில் ஒரு பெண் வழக்கம்போல் எண்பத்தைந்து என்று கேட்டிருக்கிறாள், கடைக்காரன் கட்டத்தைப் பார்த்து அதற்கு நேரான அங்குல நம்பரைத் தேடியிருக்கிறான். சரியான கட்டத்தில் பிரெஞ்சு எண்பத்தைந்துக்கு நேராக முப்பத்திரண்டு அங்குலம் வரும். எங்கள் கட்டத்தில் பிரான்சின் கீழே ஜெர்மன் எண்கள் இருந்ததால் முப்பத்தெட்டைக் காட்டியது. முப்பத்திரண்டுக்காரிக்கு முப்பத்தெட்டைக் கொடுத்தால் அவள் என்ன செய்வாள்? கடைக்காரன் முகத்தில் எறிந்திருக்கிறாள். கடைகளிலிருந்து சரக்கு மூட்டை மூட்டையாகத் திரும்பியிருந்தது. படியை ஒரே ஒரு தடவை கண்ணால் பார்த்திருந்தாலும் பிடிபட்டிருக்கும் பிசகு அது.

முதலாளி கீழே இறங்கி வந்தார். கூடத்தில் எல்லாரும் நின்றோம். நான் டைப் அடித்த மூலம் சரியாகவே இருந்தது, அதை அவரே பார்த்துவிட்டார். படியில் மேனேஜர் கையெழுத்து. அண்ணாச்சி கொஞ்சமும் பதறவில்லை. "இந்தப் புள்ளதான் மொதலாளி வாசிச்சது. மாத்தி வாசிச்சிருக்கும். பொம்பளப்புள்ள பாருங்க, கூச்சத்துல ஒளறியிருச்சு" என்றார்.

முதலாளி வாசல் பக்கம் திரும்பி, "மாரிக்கனி, நீ இங்கனதான இருந்த? இது என்ன வாசிச்சுச்சு?" என்று கேட்டார். மாரிக்கனி தரையைப் பார்த்தாள். "எங்களுக்கு என்ன மொதலாளி தெரியும்? குனிஞ்ச தல நிமிராம பசை ஒட்டிக்கிட்டு இருந்தோம்." பிரான்சில் தன் நம்பர் என்ன என்று கேட்டுச் சிரித்தவள் அவள்தான். அவளுக்குப் பிள்ளைகள் இருந்தன, அண்ணாச்சி கணக்கில்தான் அவள் கூலி வந்தது, எல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்தும் நான் அவளை இன்றைக்கு வரை மன்னிக்கவில்லை. மன்னிக்காதது தப்பு என்று சொல்கிறவர்கள் அன்றைக்கு என் இடத்தில் வந்து நின்று பார்க்கட்டும்.

முதலாளி கெட்டவர் இல்லை. என்னிடம் தணிந்த குரலில்தான் சொன்னார். "தப்பா வாசிச்சிட்டேன்னு சொல்லிரு தாயி. இதோட விட்டுருவோம். நீ பாட்டுக்கு வேலையப் பாரு." அதைச் சொல்லியிருந்தால் போதும். என் மேசையும் டைப்ரைட்டரும் எனக்கு இருந்திருக்கும். வாயைத் திறந்தபோதும் அதைச் சொல்வதாகத்தான் இருந்தேன். அப்போது அண்ணாச்சி என்னைப் பார்த்து, சொல்லு சொல்லு என்பது போல் தலையை ஆட்டினார், பாக்கை மென்றுகொண்டே. எனக்கு எங்கிருந்தோ ஒரு கோபம் வந்தது.

"நான் சரியாத்தான் வாசிச்சேன் மொதலாளி. அண்ணாச்சி தாளப் பாக்கல. மூணு நாளும் என்னையத்தான் பாத்துக்கிட்டு இருந்தாக."

முதலாளியின் முகம் கறுத்தது. அவருக்கு மேனேஜர் மேல் கோபம் வரும் என்று ஒரு நிமிஷம் நான் காத்திருந்தேன். "இதெல்லாம் நாலு பேருக்கு முன்னால சொல்ற வார்த்தையா தாயி?" என்றார். பிறகு, "நாளையிலருந்து வீட்டுல இருந்துக்க. அய்யாட்ட நான் சொல்லிக்கிறேன்" என்றார். அண்ணாச்சி அதே நாற்காலியில் இன்னும் பல வருஷம் இருந்தார்.

முதலாளி சொல்லியனுப்ப வேண்டிய அவசியம் இருக்கவில்லை. ஆமத்தூரில் நான் பஸ்ஸை விட்டு இறங்குவதற்கு முன்பே பேச்சு இறங்கிவிட்டது. அய்யா கூச்சல் போடவில்லை. "என்ன சொன்ன அங்கன?" என்று கேட்டார். சொன்னேன். "நின்னுக்க" என்றார். நான் என்ன சொன்னேன் என்றுதான் கேட்டார். அந்த ஆள் என்ன செய்தான் என்று சாகும்வரை ஒரு தடவை கூடக் கேட்கவில்லை. அய்யா மேல் எனக்குப் பாசம் உண்டு, அந்தக் கோபமும் உண்டு, இரண்டும் ஒன்றையொன்று கரைக்கவில்லை. அடுத்த தையில் விருதுநகரில் மிளகாய் மண்டிக்காரர் வீட்டில் கட்டிக்கொடுத்தார்கள். அதற்குப் பிறகு நான் டைப்ரைட்டரைத் தொடவில்லை. கொஞ்ச காலம் அடுப்படி மேடையில் விரல்கள் தானாகத் தட்டும், பிறகு அதுவும் நின்றுவிட்டது.

அந்த அச்சகம் இருந்த இடத்தில் இப்போது கல்யாண மண்டபம். மெஷின்களைப் பழைய இரும்புக்குப் போட்டுவிட்டார்கள். முதலாளி போய்ச் சேர்ந்தார். இப்போதெல்லாம் யாரும் யாருக்கும் சத்தமாக வாசிப்பதில்லை, கம்ப்யூட்டரிலேயே பார்த்து முடித்துவிடுகிறார்கள். அளவு ரவிக்கையைப் பேப்பரில் சுற்றி அனுப்புகிற பழக்கமும் குறைந்துவிட்டது. போனவை எல்லாம் போகட்டும், ஒன்றுக்காகவும் நான் கண்ணீர் விடப்போவதில்லை.

சில வருஷத்துக்கு முன்னால் அதே மண்டபத்தில் ஒரு சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணம். முன்வரிசையில் மகன் துணையோடு சங்கரலிங்கம் அண்ணாச்சி உட்கார்ந்திருந்தார். வற்றி, கழுத்து சிறுத்து, சட்டை தொளதொளவென்று இருந்தது. என்னைக் கண்டதும் முகம் மலர்ந்தது. "நம்ம பிரஸ்ல இருந்த டைப்பிஸ்ட்டுப் புள்ளதானே?" என்று கையைப் பிடித்துக்கொண்டார். மகனிடம், "கொழும்புக்கெல்லாம் இங்கிலீசுல லெட்டர் அடிக்கும்டா" என்றார். பிறகு என்னைப் பார்த்து, "ஏன் தாயி வேலைய விட்டுட்ட? கல்யாணம் ஆயிருச்சோ?" என்று கேட்டார்.

நடிக்கிறாரா என்று கண்ணை உற்றுப் பார்த்தேன். நடிப்பு இல்லை. இந்த மனிதரிடம் சொல்ல வேண்டியதை எத்தனையோ வருஷம் பாத்திரம் விளக்கும்போதும் துணி அலசும்போதும் எனக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்திருக்கிறேன். எல்லாம் தயாராக இருந்தது. "வேலைய நான் விடல அண்ணாச்சி. அங்க ஒருத்தர், பாடி அளவ என்னைய சத்தமா வாசிக்கச் சொல்லி, தாளப் பாக்காம என்னையப் பாத்துக்கிட்டு இருந்தாரு. தப்பு வந்ததும் பழிய என் தலையில போட்டாரு. அதச் சொன்னதுக்கு என்னைய நிப்பாட்டிட்டாக" என்றேன். மகன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான், பிறகு வேறு பக்கம் திரும்பிக்கொண்டான்.

அண்ணாச்சி என் கையை விடவில்லை. தலையைத் தலையை ஆட்டிக் கேட்டார். கண்ணில் நிஜமாகவே இரக்கம் இருந்தது. "அடப்பாவி! ஒரு பொம்பளப்புள்ளய அப்படியா செஞ்சான்?" என்றார். "யாரு தாயி அந்த ஆளு?"